ஞாயிற்றுக்கிழமை எண்ணெய்

பூச்சி மருந்து அடிக்க வந்தவன்தான் அதைக் கண்டுபிடித்தான்.

வாடகைக்கு விட்டிருந்த எல்லா வீடுகளிலும் மூட்டைப்பூச்சி என்று வீட்டுக்காரர் ஆள் வைத்திருந்தார். அதில் ஒரு வீட்டில் ஊசிக்காரரின் மகள் குடியிருந்தாள். அவள் வேலைக்குப் போயிருந்தாள். வந்தவன் அவளுடைய சோபாவைக் குப்புறக் கவிழ்த்தான். அடித்துணியில் மருந்துக் குழாயின் கூர்முனையைச் செருகினான். இரும்பில் இடித்தது. ஸ்பிரிங் என்று நினைத்து ஒரு சாண் தள்ளிச் செருகினான். அங்கேயும் இரும்பு. மனது கேட்காமல் துணியைக் கிழித்துப் பார்த்துவிட்டு, மருந்து டப்பாவைக்கூட எடுக்காமல் மாடியிலிருந்து கீழே ஓடினான்.

வீட்டுக்காரர் போலீசுக்குச் சொன்னார்.

தகவல் வந்தபோது ஊசிக்காரர் கடையில் ஒரு நாற்காலிக்கு ரெக்சின் இழுத்துக்கொண்டிருந்தார். வாயில் ஆணிகள் இருந்தன. இரண்டு கையும் ரெக்சினில் இருந்ததால் முதலாளி போனை அவர் காதில் வைத்துப் பிடித்தார். கேட்டு முடித்ததும் ஆணிகளை ஒவ்வொன்றாக வாயிலிருந்து எடுத்து மேஜையில் வைத்தார்.

"யாருய்யா?"

"பொண்ணு."

"என்னவாம்?"

"சோபா கிழிஞ்சிடுச்சாம்."

"அதுக்கா மூஞ்சி இப்படிப் போச்சு? நீதானே தைக்கிறவன்?"

அவர் செருப்பை மாட்டிக்கொண்டு இறங்கிவிட்டார். பாதி இழுத்த ரெக்சின் மெல்லச் சுருங்கிப் பழைய இடத்துக்கே போனது.

*

அவர்களுடைய தெருவில் அந்த வீட்டைப் பற்றி ஒரு பேச்சு உண்டு. அங்கே துப்பாக்கி அம்மாவிடம், ஊசி அப்பாவிடம். மனைவி ஒரு வங்கி வாசலில் இரட்டைக் குழல் துப்பாக்கியோடு காவல் நின்றாள். அவர் சோபாவும் நாற்காலியும் தைத்தார். ஊசிக்காரர் என்ற பேரும் துப்பாக்கிக்காரம்மா என்ற பேரும் அப்படித்தான் ஒட்டிக்கொண்டன.

"உங்க ரெண்டு பேருக்கும் சண்டை வந்தா யாரு ஜெயிப்பா?" என்று எதிர்வீட்டுக்காரர் கேட்பார்.

"சண்டையே வராதுங்க. எனக்கு உயிர்மேல ஆசை இருக்கு."

சொந்தத் துப்பாக்கியும் அதற்கு உரிமமும் இருப்பவர்களைத்தான் அந்த வங்கி வேலைக்கு எடுத்தது. உரிமம் அவள் பேரில் இருந்தது. ஞாயிற்றுக்கிழமை காலையில் ஜன்னலோரமாகத் தரையில் துண்டு விரிப்பாள். துப்பாக்கியை மடக்கி, குழல்களைத் தனியாகக் கழற்றி, கம்பி முனையில் துணியைச் சுற்றி உள்ளே விட்டு இழுப்பாள். எண்ணெய் அவருடையது. தையல் மெஷினுக்குப் போடுகிற எண்ணெய். அதுதான் மெல்லிசாக இருக்கிறது என்று அவள் வேறெதையும் வாங்க விடவில்லை. வீடு முழுக்க அந்த வாசனை அடிக்கும். குழலை வெளிச்சத்துக்கு நேராகப் பிடித்து உள்ளே பார்த்துச் சொல்வது அவர் வேலை.

"கண்ணாடி மாதிரி இருக்கா?"

"இருக்கு."

"பொய் சொல்லாதீங்க."

"ஓரத்துல ஒரு தூசி."

"அத முதல்ல சொன்னா என்ன?"

அத்தனை வருட வேலையில் அவள் ஒருமுறைகூடச் சுட்டதில்லை. சுடாத துப்பாக்கியை எதற்கு இப்படித் துடைக்கிறாய் என்று கேட்டதற்கு, கட்டிக்கிட்டுப் போகாத புடவையைத் துவைச்சு வைக்கிறதில்லையா என்றாள்.

பிறகு நோயில் விழுந்தாள். முன்னறையில் இருந்த சோபாவிலேயே படுக்கை. கட்டிலில் படுத்தால் தெரு தெரியவில்லை என்றாள். எழுந்து நடக்க முடிந்த கடைசி நாட்களில் தோட்டாக்களைத் தானே கொண்டுபோய் ஸ்டேஷனில் ஒப்படைத்துவிட்டு வந்தாள். துப்பாக்கியை மட்டும் கொடுக்கவில்லை. திரும்ப வேலைக்குப் போவோம் என்று அதுவரை ஒரு நினைப்பு இருந்தது.

அந்த நினைப்பும் போன பிறகு அவரைப் பக்கத்தில் கூப்பிட்டாள்.

"நான் போயிட்டா இதைக் கொண்டுபோய்க் கொடுத்துடுங்க. நாள் கடத்தாதீங்க. ஆள் இல்லாத வீட்டுல இது இருந்தா கேஸ். உங்களை நம்பித்தான் சொல்றேன்."

"சரி."

"சரின்னு எங்க அம்மா வீட்டுக்குக் கூட்டிட்டுப் போறதுக்குச் சொல்ற மாதிரி சொல்லாதீங்க. நிஜமாவே கொடுக்கணும்."

காரியமெல்லாம் முடிந்த பின் ஒருநாள் நிஜமாகவே கிளம்பினார். துப்பாக்கியை ஃபோம் விரிப்பில் சுருட்டிக் கட்டி, மெத்தை கொண்டுபோகிறவர் மாதிரி தோளில் வைத்துக்கொண்டார். ஸ்டேஷன் வாசல்வரை போய்விட்டார். அங்கே காவலுக்கு ஒரு இளைஞன் நின்றான். அவன் தோளில் இருந்த துப்பாக்கியின் வாயோரம் துரு படிந்திருந்தது. மரக்கட்டை வெளுத்துக் கிடந்தது. வாரில் ஒரு இடம் நைந்து, மின்சார ஒயரால் முடிச்சுப் போட்டிருந்தான்.

ஊசிக்காரர் அந்த முடிச்சையே பார்த்துக்கொண்டிருந்தார். இளைஞன், "என்ன வேணும் ஐயா?" என்று கேட்டான். ஒன்றுமில்லை என்று திரும்பிவிட்டார்.

மகள் கேட்டாள். "கொடுத்துட்டீங்களாப்பா?"

"கொடுத்துட்டேன்மா."

அவளிடம் அவர் சொன்ன பெரிய பொய் அது ஒன்றுதான்.

சோபாவின் அடித்துணியைப் பிரித்தார். ஸ்பிரிங்குகளுக்கும் அவற்றைத் தாங்கும் பட்டைக்கும் நடுவே ஃபோம் வெட்டி ஒரு படுக்கை செய்தார். குழல்கள் ஒரு பக்கம், கட்டை ஒரு பக்கம். வளைந்த ஊசியால் நூல் வெளியே தெரியாத தையல் போட்டார். ஞாயிற்றுக்கிழமை மகள் வெளியே போன நேரம் பார்த்து அந்தத் தையலைப் பிரிப்பார். துடைப்பார். எண்ணெய் போடுவார். மறுபடி தைப்பார். ஒரே துணியில் இத்தனை முறை ஊசி ஏறினால் துணி கிழியும் என்று தெரிந்ததால், ஒவ்வொரு தடவையும் நூலிழை தள்ளிப் போட்டார்.

*

மகள் ஒரு மூக்குக்கண்ணாடிக் கடையில் வேலை பார்த்தாள். கடை ஊரின் மறுகோடியில். பஸ்ஸிலேயே பாதி உயிர் போகிறது என்று கடைக்குப் பக்கத்தில் வீடு பார்த்துக்கொண்டாள். அப்பாவையும் கூப்பிட்டாள். கடையை விட்டுவிட்டு எங்கே வருவது என்றார். போகும்போது அவள் வேறெதையும் கேட்கவில்லை. அவர் வேலைக்குப் போயிருந்த நேரத்தில் வண்டி கொண்டுவந்து சோபாவை மட்டும் ஏற்றிக்கொண்டு போய்விட்டாள்.

அவர் திரும்பி வந்தபோது முன்னறைத் தரையில் சோபாவின் நாலு கால் தடம் இருந்தது. போன் செய்தார்.

"எதுக்கும்மா அந்தப் பழசு? புதுசா ஒண்ணு செஞ்சு தரமாட்டேனா?"

"புதுசுல அம்மா படுத்திருந்தாங்களா?"

அவர் போனை வைத்துவிட்டார்.

அடுத்த ஞாயிறு ஒரு நீளப் பையோடு போனார். எடுத்து வந்துவிட வேண்டும் என்றுதான் போனார். சோபா ஜன்னலோரமாக, தெருவைப் பார்த்தபடி கிடந்தது. அதே மாதிரி. மகள் காய் வாங்க வெளியே போன நேரத்தில் பிரித்தார். பையை எடுத்தார். இதைத் தூக்கிக்கொண்டு பஸ்ஸில் போய், அந்த வெறும் அறையில் எங்கே வைப்பது என்று யோசித்தார். அம்மாவும் பெண்ணும் ஒரே வீட்டில் இருந்துவிட்டுப் போகட்டும் என்று தோன்றியது. துடைத்து, எண்ணெய் போட்டு, திரும்பத் தைத்துவிட்டார்.

அதுதான் அவர் செய்த தப்பு. அதற்குப் பிறகு நடந்ததெல்லாம் அதிலிருந்து கிளைத்தது.

அப்புறம் வாராவாரம் போனார். ஸ்பிரிங் லூசாக இருக்கிறது, பட்டை தொய்ந்துவிட்டது, ஏதாவது ஒன்று.

"ஊருக்கே சோபா தைக்கிற ஆளு வீட்டுல வாராவாரம் ரிப்பேர்" என்பாள் மகள். "உங்க கடைல சொல்லிடட்டுமா?"

"சொல்லேன். உனக்கு ஃப்ரீயா செய்யறேன்ல, அதான் வாய்."

பிறகு அவள் பையை எடுத்துக்கொண்டு காய்கறிக் கடைக்குப் போவாள். நிதானமாகத்தான் வருவாள். வரும்போது படியிலேயே சாவிக்கொத்துச் சத்தம் கேட்கும். சின்னதிலிருந்தே அவளுக்குச் சாவி கையில் நிற்காது என்று அவர் நினைத்துக்கொள்வார். சத்தம் கேட்டதும் கை மடியில் இருப்பதை எடுத்து உள்ளே வைத்துவிடும். அவள் கதவைத் திறக்கும்போது கடைசித் தையலில் இருப்பார்.

"என்னம்மா, வாடிப்போன காயா பார்த்து வாங்கிட்டு வர்றே?"

"இந்தக் கடைல இதுதான் கிடைக்குது. சமைச்சா எல்லாம் ஒண்ணுதான்."

*

ஸ்டேஷனில் துப்பாக்கியை இன்ஸ்பெக்டரின் மேஜையில், ஒரு செய்தித்தாள்மேல் வைத்திருந்தார்கள். மகள் சுவரோர பெஞ்சில் உட்கார்ந்திருந்தாள். கடையின் பேர் போட்ட மேலுடுப்பைக் கழற்றி மடியில் மடித்து வைத்திருந்தாள்.

"அது என்னோடதுங்க" என்றார் ஊசிக்காரர்.

"உட்காருங்க பெரியவரே. உங்க பேர்ல உரிமம் இருக்கா?"

"என் சம்சாரம் பேர்ல."

"அவங்க எங்க?"

"இல்லைங்க."

"எங்க போயிருக்காங்க?"

"இறந்துட்டாங்க."

இன்ஸ்பெக்டர் பேனாவை மூடினார். "அப்ப உரிமமும் அன்னிக்கே போச்சு ஐயா. அது ஆளுக்குக் கொடுக்கிறது. துப்பாக்கிக்குக் கொடுக்கிறது இல்ல." குனிந்து மோந்து பார்த்தார். "மறந்து போய்க் கிடந்த மாதிரியும் தெரியலையே. எண்ணெய் இன்னும் காயல."

"அவளுக்கு ஒண்ணும் தெரியாதுங்க. நான்தான் உள்ள வெச்சுத் தைச்சேன்."

"பொண்ணு வாயத் திறக்கல. நீங்க ரெண்டு பேருக்கும் சேர்த்துப் பேசறீங்க."

அவர் போய் மகளுக்குப் பக்கத்தில் உட்கார்ந்தார். அவள் அவரைப் பார்க்கவில்லை.

"சாப்பிட்டீங்களா?" என்று மட்டும் கேட்டாள்.

"ம்."

அவர் சாப்பிடவில்லை என்பது அவளுக்குத் தெரியும். பொய் சொன்னவர்மேல் கோபம், அதனால்தான் முகம் கொடுக்கவில்லை என்று அவர் எடுத்துக்கொண்டார். நியாயம்தானே என்றும் நினைத்தார்.

*

ஜாமீனில் வந்ததும் வக்கீலம்மாவைப் பார்க்கப் போனார்கள். அவருடைய அறையில் கட்சிக்காரர்கள் உட்காருகிற நாற்காலி கிழிந்து பஞ்சு வெளியே வந்திருந்தது. ஊசிக்காரரின் விரல் தானாகப் பஞ்சை உள்ளே தள்ளியது.

"கேஸ் முடிஞ்சதும் தைச்சுக் கொடுங்க" என்றார் வக்கீலம்மா. "இப்ப நான் சொல்றதைக் கேளுங்க. சட்டம் ரெண்டு விஷயம் பார்க்கும். பொருள் உங்க கட்டுப்பாட்டுல இருந்துச்சா. இருக்குன்னு உங்களுக்குத் தெரியுமா. பொண்ணு முதல் விஷயத்துல தப்பிக்க முடியாது. அவ வீடு, அவ சோபா, அவ உட்கார்ற இடம். ரெண்டாவதுதான் நமக்கு மிச்சம்." மகள் பக்கம் திரும்பினார். "தெரியுமா, தெரியாதா?"

"தெரியாதுங்க" என்றார் ஊசிக்காரர்.

"நான் அவளைக் கேட்டேன்."

"சத்தியமா அவளுக்குத் தெரியாதுங்க."

மகள் தன் நகத்தைப் பார்த்துக்கொண்டிருந்தாள். "அப்பாதான் சொல்றாரே" என்றாள்.

"கோர்ட்ல நீதான் சொல்லணும். ஒரே வார்த்தை. தெரியாது. புரியுதா?"

"ம்."

"சரி. துப்பாக்கி வேலை செய்யுமா?" என்று அவரைக் கேட்டார் வக்கீலம்மா. "சுடவே முடியாத பழைய இரும்புன்னு நிபுணர் எழுதிட்டார்னா அபராதத்தோட போயிடும். வேலை செய்யுற துப்பாக்கின்னா ஜெயில்தான். குறைஞ்சபட்சம் இவ்வளவுன்னு சட்டத்துலயே எழுதி வெச்சிருக்கு. ஜட்ஜ் மனசு இளகினாலும் அதுக்குக் கீழ இறங்க வழி இல்ல. துருப்பிடிச்சிருக்கா?"

"இல்லைங்க."

"கொஞ்சம்கூடவா? யோசிச்சுச் சொல்லுங்க. உள்பக்கம்?"

"உள்ள ஓரத்துல ஒரு தூசிகூட இருக்காதுங்க."

வக்கீலம்மா அவரையே பார்த்தார். "சும்மா போட்டிருந்தீங்கன்னா பிழைச்சிருப்பீங்க" என்றார்.

மகளை வெளியே அனுப்பிவிட்டு இன்னொன்றும் சொன்னார். அடுத்தவர் வீட்டில், அவருக்குத் தெரியாமல் ஆயுதத்தை ஒளித்து வைப்பது தனிக் குற்றம். அதற்குத் தண்டனை பல மடங்கு. மகள் தெரியாது என்று சொன்னால் அவள் வெளியே போவாள். அவள் சொல்கிற அந்த வார்த்தை அவர் தலையில் ஏறும்.

"ஏறட்டும்ங்க."

"உங்க வயசுக்கு, நீங்க திரும்பி வர்றதே..."

"ஏறட்டும். அவகிட்ட மட்டும் சொல்லிடாதீங்க."

விசாரணை வருவதற்குள் அவர் வக்கீலம்மாவின் நாற்காலியைத் தைத்துக் கொடுத்துவிட்டார். கேஸ் முடிகிறவரை காத்திருக்க அவருக்குப் பயமாக இருந்தது. ஞாயிற்றுக்கிழமைகளில் மகள் வீட்டுக்குப் போகவில்லை. போனால் எதைச் சாக்குச் சொல்வது என்று தெரியவில்லை. சோபாவும் அங்கே இல்லை. அதுவும் வழக்குப் பொருளாக ஸ்டேஷன் கொட்டகையில் கிடந்தது.

நிபுணரின் அறிக்கையை வக்கீலம்மா படித்துக் காட்டினார். 'மிகச் சிறந்த முறையில் பராமரிக்கப்பட்டது. முழுமையாக இயங்கும் நிலையில் உள்ளது.' அதைக் கேட்ட அந்த நொடியில் அவருக்குப் பெருமையாக இருந்தது. மனைவி இதைக் கேட்டிருக்க வேண்டும் என்று நினைத்தார். பிறகுதான் அது என்ன என்று உறைத்தது.

*

கோர்ட்டில் அவரை முதலில் கூண்டில் ஏற்றினார்கள். அவர் ஒளிக்காமல் சொன்னார். ஸ்டேஷன் வாசல், துரு, ஒயர் முடிச்சு, பொய், தையல், ஞாயிற்றுக்கிழமைகள். மகளுக்கு ஒன்றும் தெரியாது என்று கேட்காத கேள்விக்கெல்லாம் சேர்த்துச் சொன்னார்.

பிறகு மகள் ஏறினாள். அரசுத் தரப்பு வக்கீல் சாதாரணமாகத்தான் கேட்டார்.

"உங்கப்பா உங்க வீட்டுல வெச்சது உங்களுக்குத் தெரியாது. அப்படித்தானே?"

அவள் வாய் திறப்பதற்குள் அவரே தொடர்ந்தார். "தெரியாதுன்னா சொல்லுங்க, எனக்கு ஒண்ணுமில்ல. பெத்த பொண்ணையே ஏமாத்தி அவ வீட்டுல ஆயுதத்தை ஒளிச்சு வெச்சவருக்குச் சட்டத்துல தனிப் பிரிவு இருக்கு. அதுல இருக்கிற அதிகபட்சத் தண்டனையைக் கேட்கப் போறேன். அவர் வெளிய வர்றதுக்குள்ள உங்களுக்கே தலை நரைச்சிடும்."

மகள் வக்கீலம்மாவைப் பார்த்தாள். வக்கீலம்மா காகிதத்தைப் பார்த்தார். அவள் அப்பாவைப் பார்த்தாள். அவர் தலையை மெல்ல ஆட்டினார். சொல்லு, ஒரே வார்த்தைதான்.

"தெரியும்" என்றாள்.

"என்ன தெரியும்?"

"துப்பாக்கி இருந்தது தெரியும்."

ஊசிக்காரர் எழுந்தார். "பொய்ங்க. எனக்காகச் சொல்றா." காவலர் தோளைப் பிடித்து உட்கார வைத்தார். எப்படித் தெரியும் என்று நீதிபதியே கேட்டார்.

அவள் நீதிபதியைப் பார்த்துச் சொன்னாள். அப்பாவைப் பார்க்கவில்லை.

"சோபா வந்த புதுசுல ஒரு ஞாயித்துக்கிழமை, கடைக்குக் கிளம்பினவ பையை மறந்துட்டுத் திரும்பி வந்தேன். கதவு சரியா சாத்தல. அப்பா துண்டு விரிச்சு உட்கார்ந்திருந்தார். குழலை வெளிச்சத்துல பிடிச்சுப் பார்த்துட்டு, கண்ணாடி மாதிரி இருக்குன்னு சொன்னார். கொஞ்ச நேரம் பேசாம இருந்தார். அப்புறம், பொய் இல்ல, வேணும்னா நீயே பாருன்னார். அறைல வேற யாரும் இல்ல."

கோர்ட்டில் யாரோ இருமினார்கள்.

"நான் கீழ இறங்கிட்டேன். அதுக்கப்புறம் ஞாயித்துக்கிழமை நான் கடைக்குப் போனதே இல்ல. காயை முந்தின நாளே வாங்கிப் பைல வெச்சுடுவேன். மாடிப்படில உட்கார்ந்திருப்பேன். போதும்னு தோணினதும் சாவியை நல்லா ஆட்டிக்கிட்டே ஏறுவேன். அவர் மூடி வைக்க நேரம் வேணும்ல."

"போலீஸ்கிட்டயோ உங்கப்பாகிட்டயோ ஏன் சொல்லல?" என்று கேட்டார் நீதிபதி.

"சொன்னா அவர் நிறுத்தியிருப்பார்."

வாடிப்போன காய் ஊசிக்காரருக்கு ஞாபகம் வந்தது. அவர் கையால் வாயைப் பொத்திக்கொண்டார். கை அங்கேயே இருந்தது.

*

தீர்ப்பைப் படிக்கும்போது நீதிபதி ஓரிடத்தில் நிறுத்தினார். இருவரும் யாருக்கும் தீங்கு நினைக்கவில்லை என்பதை நீதிமன்றம் ஏற்கிறது என்றார். ஆனாலும் தெரிந்தே, உரிமம் இல்லாமல், இயங்கும் துப்பாக்கியை வைத்திருந்தார்கள். சட்டம் விதித்த குறைந்தபட்சத்துக்குக் கீழே போகத் தனக்கு அனுமதி இல்லை. இருவருக்கும் ஒரே அளவு. துப்பாக்கியை உருக்கி அழிக்க வேண்டும்.

மகள் பேசியதால் அவருடைய தண்டனை வெகுவாகக் குறைந்திருந்தது. குறைந்ததை அவள் வாங்கிக்கொண்டாள். கண்ணாடிக் கடையில் அவள் இடத்துக்கு ஏற்கெனவே வேறு ஆள் வந்துவிட்டது. ஜெயிலுக்குப் போய் வந்தவளை இனி எந்தக் கடை எடுக்கும் என்று அவர் யோசித்தார். ஒரு கடையும் நினைவுக்கு வரவில்லை.

வண்டிக்குக் காத்திருந்தபோது பெண் காவலர் அவர்களைச் சற்று நேரம் ஒன்றாக நிற்க விட்டார்.

"ஏம்மா இப்படிப் பண்ணினே? நான் கிழவன். எங்க இருந்தா என்ன?"

"அப்படின்னு நீங்களே முடிவு பண்ணிட்டா எப்படிப்பா?"

"ஒரு வார்த்தை. தெரியாதுன்னு சொல்லியிருந்தா..."

"நம்ம வீட்டுல நீங்க பொய் சொன்னது போதும்."

அவர் தலை குனிந்தார். அவள் அவர் சட்டையில் ஒட்டியிருந்த ஒரு நூலை எடுத்துப் போட்டாள்.

"அம்மா இருந்திருந்தா நம்ம ரெண்டு பேரையும் என்ன பண்ணியிருப்பாங்க?"

"சுட்டிருப்பா."

அவள் சிரித்துவிட்டாள். அவரும் சிரிக்கப் பார்த்தார். முகம் வேறு மாதிரிப் போனது. அவள் உடனே தெருவைப் பார்க்கத் திரும்பிக்கொண்டாள். ஆண்களுக்கு ஒரு வண்டியும் பெண்களுக்கு ஒரு வண்டியும் வந்தன. அவளுடையது முதலில் கிளம்பியது.

*

ஜெயிலில் என்ன தொழில் தெரியும் என்று கேட்டார்கள். தையல் என்றார். போர்வை ஓரம் அடிக்கிற கூடத்தில் போட்டார்கள். மெஷின் பழசு. எண்ணெய் டப்பா மேஜையிலேயே இருந்தது. முதல் நாள் அதைத் திறந்து மோந்துவிட்டு மூடி வைத்தார். பக்கத்து மெஷின்காரன், "என்ன பெரிசு, குடிக்கிற சரக்குன்னு நினைச்சியா?" என்றான். கூடமே சிரித்தது.

ஞாயிற்றுக்கிழமை கூடம் கிடையாது. அறையில் மேலே சின்னதாக ஒரு ஜன்னல் இருந்தது. காலை வெயில் அதிலிருந்து தரையில் ஒரு துண்டு அளவுக்கு விழுந்தது. அவர் அதற்குப் பக்கத்தில் சம்மணம் போட்டு உட்கார்ந்திருந்தார்.

நடையில் சாவிக்கொத்துச் சத்தம் கேட்டது. வார்டன் கதவு கதவாக எண்ணிக்கொண்டு வந்தார்.

ஊசிக்காரரின் கை, மடியில் இருப்பதை எடுத்து மறைக்கப் போனது.

மடியில் ஒன்றும் இல்லை.